இக்போ வீட்டுல சேர்ந்து சாப்பிடறது: அடிக்கடி கேக்கற கேள்விகள்

நைஜீரியாவுக்கு வேலைக்கு போறவங்க, ஆபீஸ்ல இக்போ நண்பர்கள் இருக்கறவங்க, அவங்க ஊருக்கு கல்யாணத்துக்கு வாங்கன்னு கூப்பிட்டு என்ன பண்றதுன்னு புரியாம இருக்கறவங்க, இவங்க எல்லாரும் சுத்தி சுத்தி ஒரே கேள்விகளத்தான் கேக்கறாங்க. அதனால எல்லாத்தையும் ஒரே இடத்துல எழுதி வைக்கறேன். கொஞ்சம் நீளமாதான் இருக்கும், பொறுமையா படிங்க.

இக்போ மக்கள் யாரு? நைஜீரியா முழுக்க இருக்காங்களா?

நைஜீரியாவோட பெரிய இனங்கள்ல ஒண்ணு. வியாபாரத்துக்காக நாடு முழுக்க பரவி இருக்காங்க, லாகோஸ்ல எந்த மார்க்கெட்டுக்கு போனாலும் பாக்கலாம். ஆனா சொந்த மண்ணு தென்கிழக்கு: அனம்ப்ரா, எனுகு, இமோ, அபியா, எபொன்யி இந்த 5 மாநிலம். டெல்டா, ரிவர்ஸ் மாநிலத்துலயும் நிறைய பேர் உண்டு.

இன்னொரு விஷயம் தெரிஞ்சாதான் கீழ வர்றதெல்லாம் புரியும். ன்ரி, ஒனிட்ஷா மாதிரி சில இடம் தவிர பெரும்பாலான இக்போ ஊர்கள்ல பழைய காலத்துல ராஜான்னு யாரும் கிடையாது. ஊர் விவகாரம் எல்லாம் பங்காளிங்க கூடி உக்காந்து பேசித்தான் முடிவாகும், அந்த பங்காளி கூட்டத்துக்கு உமுன்னான்னு பேரு. எழுதி கையெழுத்து போடற பழக்கம் இல்லாத காலத்துல "நாங்க ஒத்துக்கிட்டோம், எங்களுக்குள்ள பகை இல்ல" அப்படின்னு எப்படி காட்டறது? சேர்ந்து சாப்பிட்டுத்தான். யாரோட உக்காந்து சாப்பிடறோம், யாருக்கு முதல்ல குடுக்கறோம், யார் கையால வாங்கிக்கறோம், இது ஒவ்வொண்ணும் அங்க ஊரறிய சொல்ற பேச்சு. என்னைக் கேட்டா இக்போ சமூகத்தை புரிஞ்சுக்க இதைவிட நல்ல வழி இல்ல.

வீட்டுக்குள்ள போய் உக்காந்ததும் ஒரு தட்டுல ஏதோ கொட்டையை கொண்டு வந்து காட்டறாங்களே, அது என்ன?

கோலா கொட்டை. அவங்க ஓஜின்னு சொல்லுவாங்க. கடிச்சா பாக்கு மாதிரி துவர்ப்பும் கசப்பும் கலந்து வரும், காஃபின் இருக்கறதால தூக்கம் போயிடும். 1886ல அமெரிக்காவுல கோகோ கோலா வந்தப்போ அந்த பேர்ல பாதி இந்த கொட்டையில இருந்து வந்ததுதான்.

இதுல ரெண்டு வகை இருக்கு. க்வோரோன்னு ஒண்ணு, ரெண்டே பருப்பா பிரியும், வடக்க ஹவுசா மக்கள் விரும்பி மெல்லுவாங்க. இன்னொண்ணு ஓஜி இக்போ, இது மூணு நாலு அஞ்சுன்னு பல பருப்பா பிரியும். சடங்குக்கு இதுதான் வேணும், க்வோரோவை வச்சு சமாளிச்சா பெரியவங்களுக்கு மனசு ஒப்பாது. நைஜீரியாவுல ஒரு பேச்சு உண்டு, யோருபாக்காரங்க விளைய வைக்கறாங்க, ஹவுசாக்காரங்க சாப்பிடறாங்க, இக்போக்காரங்க கொண்டாடறாங்கன்னு, அது உண்மைதான். கூட்டம், கல்யாணம், சாவு, நில தகராறு, சும்மா சாயங்காலம் எட்டிப் பாக்க வந்த பக்கத்து வீட்டுக்காரர், எதுவா இருந்தாலும் கோலா வராம பேச்சு ஆரம்பிக்காது. கோலாவை கொண்டு வர்றவன் உயிரை கொண்டு வர்றான்னு அவங்க பழமொழியே இருக்கு.

அனம்ப்ரா பக்கம் சில ஊர்ல கோலாவுக்கு முன்னாடியே ன்ஸுன்னு ஒரு வெள்ளை சுண்ணக்கட்டியை வைப்பாங்க. அதால தரையில கோடு போடுவாங்க, மனசுல கள்ளம் இல்லாம வந்திருக்கேன்னு அர்த்தம்.

அதை நான் உடனே எடுத்து வாயில போட்டுக்கலாமா?

வேண்டாம், தயவு செஞ்சு வேண்டாம். தட்டு உங்க கிட்ட வர்றது நீங்க பாக்கறதுக்கும் தொடறதுக்கும்தான், சாப்பிடற நேரம் அப்புறம் வரும்.

நடக்கறது இப்படி. வீட்டுக்காரர் தட்டை தன் உறவுல கிட்ட இருக்கறவர் கிட்ட முதல்ல காட்டுவாரு, அவர் பாத்துட்டு அடுத்தவருக்கு அனுப்புவாரு, அப்படியே உறவு நெருக்கம், ஊர், வயசு இந்த வரிசையில சுத்தி விருந்தாளி வரைக்கும் வந்து திரும்ப வீட்டுக்காரர் கைக்கே போகும். "ராஜாவோட கோலா ராஜா கையிலதான்"னு ஒரு வசனம் சொல்லித்தான் திருப்பி குடுப்பாங்க. இந்த சுத்து இருக்கே, இது முடியறதுக்குள்ள அந்த ரூம்ல யார் யாருக்கு என்ன உறவு, எந்த ஊர் எந்த ஊருக்கு மூத்தது எல்லாம் தெரிஞ்சுடும், சில சமயம் வரிசை தப்பா போச்சுன்னு அங்கயே அரை மணி நேரம் வாக்குவாதம்கூட நடக்கும், அதையும் அவங்க ரசிச்சுத்தான் பண்ணுவாங்க.

அப்புறம் கூட்டத்துல மூத்தவர் கோலாவை கையில எடுத்து வேண்டுவாரு. மேல இருக்கற கடவுள் சுக்வு, பூமித்தாய் ஆலா (சில ஊர்ல ஆனின்னு சொல்லுவாங்க), செத்துப்போன முன்னோருங்க எல்லாரையும் கூப்பிடுவாரு, கிறிஸ்தவ வீடா இருந்தா இயேசு பேர்ல வேண்டுவாங்க. நடுவுல ஒரு வரி கண்டிப்பா வரும்: பருந்தும் உக்காரட்டும், கழுகும் உக்காரட்டும், மத்தது உக்காரக்கூடாதுன்னு எது சொல்லுதோ அதோட இறக்கை ஒடியட்டும். ஒவ்வொரு வரிக்கும் எல்லாரும் சேர்ந்து "இஸே"ன்னு (அப்படியே ஆகட்டும்னு அர்த்தம்) சொல்லணும், நீங்களும் சொல்லலாம், சந்தோஷப்படுவாங்க. பிறகு உடைப்பாங்க, கூட்டத்துல சின்ன வயசுக்காரர் துண்டு போட்டு எல்லாருக்கும் குடுப்பாரு.

கூடவே ஒரு கிண்ணத்துல நிலக்கடலையும் காரமும் அரைச்ச விழுது, பச்சை கத்திரிக்காய் வச்சிருப்பாங்க. கத்திரிக்காயை பச்சையாவே தொட்டு சாப்பிடுவாங்க, முதல்ல தயக்கமா இருக்கும், ஆனா அந்த கடலை விழுதோட நல்லாவே இருக்கும்.

எத்தனை பருப்பா உடையுதுன்னு எண்ணிப் பாக்கறாங்களே, ஏன்?

அது குறி மாதிரி. நாலு பருப்பு இருந்தா ரொம்ப நல்லது, ஏன்னா இக்போ வாரத்துக்கு நாலே நாள்: ஏகே, ஓரியே, ஆஃபோ, ன்க்வோ. ஒவ்வொரு நாளும் ஒரு சந்தை நாள், அந்தந்த நாள் பேர்லயே சந்தைகளும் இருக்கு, அவ்காவுல ஏகே அவ்கா, நெவில ன்க்வோ நெவி. அதனால நாலுன்னா எல்லாம் நிறைவா அமைதியா இருக்குன்னு எடுத்துக்கறாங்க. அஞ்சுன்னா செல்வமும் பிள்ளைப்பேறும். மூணுக்கு வீரம்னு சொல்றவங்க உண்டு. ஆறு அபூர்வம், வந்தா பெரிய கொண்டாட்டமே வைக்கலாம்னு சொல்லுவாங்க. ஊருக்கு ஊர் அர்த்தம் கொஞ்சம் மாறும், பக்கத்துல இருக்கற பெரியவரை கேளுங்க, ஆசையா விளக்குவாரு.

வேண்டுதலை இங்கிலீஷ்ல சொல்லச் சொல்லலாமா? எனக்கு ஒண்ணும் புரியலயே.

முடியாது. கோலாவுக்கு இங்கிலீஷ் புரியாதுன்னு சொல்லிடுவாங்க. பெரிய பெரிய ஆளுங்க வர்ற மேடையிலகூட, மத்த பேச்செல்லாம் இங்கிலீஷ்ல நடந்தாலும் கோலா வேண்டுதல் மட்டும் இக்போ மொழியிலதான். எனக்கு இது ரொம்ப பிடிச்ச விஷயம். பள்ளிக்கூடம், கோர்ட்டு, சர்ச்சு எல்லாத்துலயும் வெள்ளைக்காரன் மொழி உள்ள வந்து உக்காந்துடுச்சு, நகரத்துல வளர்ற பசங்க இக்போ பேசறது குறைஞ்சுகிட்டே வருதுன்னு பெரியவங்க கவலைப்படறாங்க, அந்த நிலைமையில ஒரு சின்ன கொட்டை அவங்க மொழிக்குன்னு ஒரு இடத்தை பிடிச்சு வச்சிருக்கு.

வீட்டுல கோலா இல்லைன்னா என்ன பண்ணுவாங்க?

மன்னிப்பு கேப்பாங்க. நிஜமாவே வாய் திறந்து சொல்லுவாங்க, கோலா இல்லாம போச்சு, மன்னிச்சுக்கங்கன்னு. கத்திரிக்காய், பிஸ்கட், குளிர்பானம், சில இடத்துல பணம் இதுல ஏதாவது ஒண்ணை அந்த இடத்துல வச்சு வேண்டுதலை முடிப்பாங்க.

எனக்கு கசக்குது, வேண்டாம்னு சொல்லலாமா?

மெல்ல முடியலன்னா சின்ன துண்டு எடுத்து பாக்கெட்ல போட்டுக்கங்க, யாரும் தப்பா நினைக்கமாட்டாங்க. சொல்லப்போனா விருந்தாளிக்கு ஒரு முழு கோலாவை கையில குடுத்தே அனுப்புவாங்க, அந்த கோலா வீட்டுக்கு போய் தான் எங்க இருந்து வந்தேன்னு சொல்லட்டும்னு. ஆனா வாங்கவே மாட்டேன்னு கையை இழுத்துக்கிட்டீங்கன்னா அது வேற. உங்களோட எனக்கு சமாதானம் இல்லன்னு சொன்ன மாதிரி ஆயிடும்.

பொண்ணுங்க கோலா உடைக்கக்கூடாதுன்னு சொல்றது உண்மையா?

உண்மை. பாரம்பரியமா பொண்ணுங்க உடைக்க மாட்டாங்க, கோலா மரத்துல ஏறவும் கூடாது. பொண்ணுங்க மட்டும் கூடியிருக்கற இடத்துல கோலா வந்தா பக்கத்துல இருக்கற ஒரு சின்ன பையனை கூப்பிட்டு உடைக்கச் சொல்றதும் உண்டு, படிச்சு பெரிய பதவியில இருக்கற அம்மா உக்காந்திருக்க ஒரு வாண்டுப் பையன் உடைக்கறான்னா அது சரியில்லன்னுதான் எனக்கு படுது, இக்போ பொண்ணுங்களே இதை வெளிப்படையா கேக்க ஆரம்பிச்சிருக்காங்க.

அதே சமயம் பொண்ணுங்களுக்கு அதிகாரமே இல்லன்னு நினைச்சுடாதீங்க. ஒரு குடும்பத்துல பிறந்து வெளிய கட்டிக் குடுத்த பொண்ணுங்க எல்லாரும் சேர்ந்து உமுஆடான்னு ஒரு அமைப்பு. அண்ணன் தம்பிங்க சண்டை போட்டா இவங்க வந்து உக்காந்தா நடுங்குவாங்க. பிறந்த வீட்டு சாவுக்கு இவங்க கூட்டமா வருவாங்க, இவங்களுக்குன்னு தனியா சாப்பாடும் கறியும் ஒதுக்கி குறைவில்லாம குடுத்தே ஆகணும், குறை வச்சா அந்த வீட்டுல காரியம் நிம்மதியா நடக்காது.

பாம் வைன், அதாவது அவங்க ஊர் கள்ளு, குடுத்தா? யார் முதல்ல குடிக்கணும்?

கொண்டு வந்தவர்தான் முதல்ல குடிக்கணும். விஷம் இல்லன்னு எல்லார் கண் முன்னாடியும் காட்டறதுக்கு. அதுக்கப்புறம் வயசு வரிசை. பனை எண்ணெய் எடுக்கற மரத்துல இருந்து இறக்கறது ஒரு வகை, சதுப்பு நிலத்துல வளர்ற ராஃபியா மரத்து கள்ளு இன்னொரு வகை. காலையில இறக்கினது இனிப்பா இருக்கும், நேரம் ஆக ஆக ஏறும்.

சாப்பாட்டு நேரத்துல எப்படி நடந்துக்கணும்?

வலது கையால சாப்பிடறது நமக்கு பழக்கம்தான், அதனால பிரச்சனையே இல்ல. இடது கையால எதையும் நீட்டாதீங்க. ஃபுஃபுவோ (மரவள்ளிக்கிழங்குல கிண்டற களி மாதிரி) இடிச்ச யாமோ (அவங்க ஊர் பெரிய கிழங்கு) வந்தா சின்னதா உருட்டி நடுவுல குழி பண்ணி சூப்பை அள்ளி, மெல்லாம அப்படியே முழுங்குவாங்க. கை கழுவ கிண்ணம் வந்தா பெரியவங்க முதல்ல. நீங்க போகும்போது ஒரு வீட்டுல சாப்பிட்டுட்டு இருந்தா "வா, சாப்பிடு"ன்னு உடனே கூப்பிடுவாங்க, பசி இல்லன்னா நன்றி சொல்லி சாப்பிட்டாச்சுன்னு சொல்லிக்கலாம்.

கறியை பங்கு போடறதுல பெரிய விதிமுறையே இருக்காமே?

இருக்கு, எனக்கு ரொம்ப சுவாரசியமா இருக்கற பகுதியே இதுதான்.

பழைய வழக்கப்படி பசங்க எல்லாம் ஒரே சட்டியை சுத்தி உக்காந்து சாப்பிடுவாங்க. கறியை சாப்பாட்டு நடுவுல தொடக்கூடாது, கடைசில பங்கு. பங்கு போடறது சின்னவன், ஆனா முதல்ல எடுக்கறது பெரியவன். இதுல இருக்கற நியாயத்தை யோசிச்சுப் பாருங்க, தனக்கு கடைசி துண்டுதான் மிஞ்சும்னு தெரிஞ்ச சின்னவன் எல்லா துண்டையும் சமமா வெட்டத்தானே பாப்பான்.

கோழி அடிச்சா அதோட இரைப்பை (இங்கிலீஷ்ல கிஸ்ஸர்ட்) வீட்டு ஆம்பளைக்கோ மரியாதைக்குரிய விருந்தாளிக்கோ போகும். அது உங்க தட்டுல வந்தா உங்களை உசத்தி வச்சிருக்காங்கன்னு புரிஞ்சுக்கங்க, பிடிக்கலன்னு ஓரத்துல ஒதுக்கி வைக்காதீங்க. ஆடு மாடு வெட்டினா எந்த பாகம் மூத்தவருக்கு, எது உமுஆடாவுக்கு, எது வெட்டினவருக்குன்னு ஊருக்கு ஒரு கணக்கு. சகோதரி பிள்ளைங்களுக்கு தாய்மாமன் ஊர்ல தனி மரியாதை, அங்க அவங்க மேல யாரும் கை வைக்க முடியாது, சில ஊர்ல கறியிலயும் அவங்களுக்கு உரிமை உண்டு. பங்கு சின்னதா போச்சுன்னு இல்ல, பங்கு வராம போச்சுன்னுதான் சண்டை வரும். பங்கு வரலன்னா நீ எங்க ஆளு இல்லன்னு சொல்லிட்டாங்கன்னு அர்த்தம்.

சண்டை போட்ட சொந்தக்காரங்க சேர்ந்து சாப்பிட மாட்டாங்களா?

சாதாரண சண்டைன்னா பெரியவங்க ஒரு கோலாவை உடைச்சு ரெண்டு பேருக்கும் குடுத்தா முடிஞ்சது. ஆனா பெரிய தப்பு, உதாரணத்துக்கு பங்காளி மனைவியோட தவறான உறவு, இல்ல ஒருத்தர் மேல ஒருத்தர் சத்தியம் போட்டு வழக்கு, இந்த மாதிரி நடந்துட்டா அவங்க ஒண்ணா சாப்பிடறதே ஆபத்துன்னு நம்பறாங்க, பூமித்தாயும் முன்னோரும் தண்டிப்பாங்கன்னு. அதை சரி பண்ண ஓரிகோன்னு ஒரு சடங்கு. தப்பை எல்லார் முன்னாடியும் ஒத்துக்கணும், பரிகாரம் குடுக்கணும், கடைசில ரெண்டு தரப்பும் ஒரே பாத்திரத்துல இருந்து சாப்பிடணும். சாப்பிட்டாச்சுன்னா முடிஞ்சது, அதுக்கப்புறம் அந்த பழைய கதையை கிளறக்கூடாது. நாலு பேர் முன்னாடி ஒத்துக்கிட்டு அவனோடயே உக்காந்து சாப்பிடறது எவ்வளவு கஷ்டம், ஆனா வருஷக்கணக்கா கோர்ட்டுக்கு அலையறதைவிட இது மனுஷங்களை உண்மையா சேர்த்து வைக்குதுன்னு நான் நம்பறேன்.

இதைவிட கடுமையா இக்பாண்டுன்னு ஒரு ஒப்பந்தம் உண்டு, ரெண்டு பேர் இல்ல ரெண்டு ஊர், கோலாவுல ரத்தம் தொட்டு சாப்பிட்டு இனிமே ஒருத்தருக்கு ஒருத்தர் கெடுதல் நினைக்கமாட்டோம்னு சத்தியம் பண்றது.

தண்டனையும் சாப்பாட்டுலதான். பங்காளி கூட்டம் ஒருத்தரை ஒதுக்கி வச்சா அவர் வீட்டுல யாரும் கோலா தொடமாட்டாங்க, அவர் வீட்டு விசேஷத்துக்கும் சாவுக்கும் போகமாட்டாங்க.

எல்லாரும் சமமா உக்காந்து சாப்பிடறாங்கன்னு சொல்றீங்க, ஒசுன்னு ஒதுக்கி வச்ச மக்கள் இருக்காங்களே?

இருக்காங்க, இதை மறைக்கக்கூடாது. தெய்வத்துக்கு நேர்ந்து விட்டவங்களோட வம்சம்னு சொல்லி ஒசு மக்களை பிறப்பால ஒதுக்கினாங்க. மத்தவங்க அவங்களோட கல்யாணம் பண்ணமாட்டாங்க, ஊர் கூட்டத்துல அவங்க கோலா உடைச்சு வேண்டுதல் சொல்ல விடமாட்டாங்க. மேல அவ்வளவு அழகா சொன்ன அதே கோலாதான் இவங்களை வெளிய நிறுத்தவும் உதவிச்சு. 1956லயே கிழக்கு பிராந்திய சட்டசபை இந்த முறையை சட்டம் போட்டு ஒழிச்சுது. சட்டத்துல போயிடுச்சு, கல்யாண பேச்சு வரும்போது மட்டும் ரகசியமா விசாரிக்கறது இன்னும் நிக்கல. எத்தனையோ காதல் இதனால உடைஞ்சிருக்கு. இது அநியாயம், வேற எப்படியும் சொல்ல எனக்கு வரல.

கல்யாணத்துல பொண்ணு கையில கப்போட கூட்டத்துக்குள்ள சுத்தறது எதுக்கு?

அதுதான் இக்பா ன்க்வூ, கல்யாணத்தோட உயிரே அந்த நிமிஷம்தான். அப்பா ஒரு கோப்பையில பாம் வைன் ஊத்தி பொண்ணு கையில குடுத்து, உன் புருஷன் யாருன்னு எங்களுக்கு காட்டும்மான்னு அனுப்புவாரு. மாப்பிள்ளை கூட்டத்துல எங்கயோ ஒளிஞ்சு உக்காந்திருப்பான். வழியில இருக்கற பசங்க எல்லாம் இங்க வா, என்கிட்ட குடுன்னு கூப்பிட்டு கலாட்டா பண்ணுவாங்க. அவ தேடிப் பிடிச்சு, முட்டி போட்டு, தான் ஒரு வாய் குடிச்சுட்டு அவனுக்கு குடுப்பா. அவன் முழுசா குடிச்சுட்டு கோப்பையில பணம் போடுவான், ரெண்டு பேரும் அப்பா கிட்ட போய் ஆசீர்வாதம் வாங்குவாங்க. அவ்வளவுதான், ஊர் கண்ணுல கல்யாணம் ஆயிடுச்சு. அவ குடுக்கலன்னா கல்யாணம் இல்ல, அதனால எல்லார் முன்னாடியும் அவ சம்மதம் இதுலதான் தெரியுது.

புது யாம் திருவிழா எப்போ?

இரி ஜி, பெரும்பாலும் ஆகஸ்ட்ல, சில ஊர்ல செப்டம்பர். அதுவரைக்கும் மரபை பின்பத்தறவங்க புது யாமை வாயில வைக்கமாட்டாங்க. ஊர் மூத்தவரோ ராஜாவோ முதல் யாமை தெய்வத்துக்கும் முன்னோருக்கும் படைச்சு, சுட்டு, சிவப்பு பாம் எண்ணெயில தொட்டு முதல் துண்டு சாப்பிடுவாரு, அப்புறம்தான் ஊர். வெளியூர், வெளிநாடுன்னு இருக்கறவங்க ஊர் திரும்ப ஒரு காரணம். லண்டன்லயும் அமெரிக்காவுலயும் இருக்கற இக்போ சங்கங்களும் ஹால் எடுத்து கொண்டாடறாங்க.

குழந்தை பிறந்த வீட்டுக்கு போனா?

பொண்ணோட அம்மா வந்து தங்கியிருப்பாங்க, ஓமுக்வோன்னு சொல்லுவாங்க. குழந்தையை குளிப்பாட்டி, பெத்தவளுக்கு வெந்நீர் ஒத்தடம் குடுத்து, உஸிஸா, உடான்னு கார மசாலா போட்ட யாம் சூப்பை சுடச்சுட குடிக்க வைப்பாங்க. வயித்துல தங்கின ரத்தம் வெளிய போகும், பால் ஊறும்னு நம்பிக்கை. பாக்க வர்றவங்களுக்கும் ஒரு கிண்ணம் கிடைக்கும்.

சாப்பாட்டுக்கு இவ்வளவு முக்கியத்துவம் ஏன், பஞ்சம் பாத்தவங்களா?

இந்த வழக்கங்க அதுக்கு முன்னாடியே ரொம்ப பழசு. ஆனா 1967 ஜூலைல ஆரம்பிச்சு 1970 ஜனவரி வரைக்கும் நடந்த பியாஃப்ரா போர்ல (இக்போ பகுதி பியாஃப்ரான்னு தனி நாடா பிரிஞ்சப்போ வந்த உள்நாட்டுப் போர்), நைஜீரிய அரசு எல்லா பக்கமும் அடைச்சு சாப்பாடு உள்ள போகாம லட்சக்கணக்கான பேர் பட்டினியில செத்தாங்க, அதுல குழந்தைங்கதான் அதிகம். உப்புகூட கிடைக்காத காலம் அது. அந்த தலைமுறை இன்னும் நம்மளோட இருக்கு. ஒரு வயசான அம்மா உங்க தட்டுல போதும் போதும்னு சொல்லியும் இன்னொரு துண்டு வச்சா வாங்கிக்கங்க.

நான் சைவம். அங்க போய் என்ன சாப்பிடறது?

முன்கூட்டியே சொல்லிடுங்க, அங்க போய் உக்காந்தப்புறம் சொல்லாதீங்க. கறி போடாத சூப்புன்னு சொன்னாலும் அதுல பொடிச்ச உலர்ந்த இறாலும், ஓக்போரோகோன்னு நார்வேல இருந்து வர்ற காஞ்ச மீனும் இருக்க வாய்ப்பு அதிகம், அதை அவங்க மீன் கணக்குலயே சேர்க்கமாட்டாங்க, சுவைக்கு போடறதுதானேன்னு நினைப்பாங்க. அதனால இறால் பொடியும் வேண்டாம்னு பேர் சொல்லியே கேளுங்க. சுட்ட யாம், வேகவச்ச யாமுக்கு பாம் எண்ணெயும் மிளகாயும், சுட்ட வாழைக்காய், காராமணி மாவுல சுட்ட அகாரா, உக்வான்னு சொல்ற ஆப்பிரிக்க பலாக்கொட்டை மாதிரி ஒண்ணு, இதெல்லாம் தாராளமா சாப்பிடலாம். மழைக்காலத்துல போனீங்கன்னா ரோட்டோரத்துல அம்மாக்கள் மக்காச்சோளம் சுட்டு ஊபேன்னு ஊதா கலர் பழத்தை சூடு காட்டி சேர்த்து குடுப்பாங்க, வெண்ணெய் மாதிரி உருகும். ரெண்டு கதிரா வாங்குங்க, ஒண்ணை கூட வர்றவங்க கையில குடுங்க.